எங்கள் விவரத்துக்கும் ஒரு துண்டுச்சீட்டு கொடுங்கள்

ராமநாதபுரம் கடற்கரையில் எங்கள் விவரங்களைக் கேட்டு வாங்கும் எல்லா அலுவலகங்களுக்கும், கூடவே எங்கள் சங்கங்களுக்கும்,

வணக்கம்.

பாம்பன் பக்கம் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். பெயர் எழுதவில்லை. தேவைப்பட்டால் உங்கள் கோப்புகளில் பாருங்கள், குறைந்தது ஏழெட்டு இடத்தில் இருக்கும், அப்பா பெயரோடும் கைரேகையோடும்.

பலகையில் ஜெராக்ஸ் என்று எழுதியிருந்தாலும் அதில் வருவது கரண்டு பில்லுக்குத்தான் காணும். மனு எழுதுவது, ஆன்லைனில் பதிவது, போட்டோ பிரின்ட் போடுவது, இவைதான் சோறு போடுகின்றன. மீன்பிடித் தடைக்கால நிவாரணம், முதியோர் பென்ஷன், படகுப் பதிவு, சாதிச் சான்றிதழ், கச்சத்தீவு அந்தோணியார் திருவிழாவுக்குப் போகப் பெயர் கொடுப்பது என்று வருடம் முழுவதும் ஏதாவது ஒன்றுக்குக் கூட்டம் இருக்கும். பதினோரு வருடமாக இதைத்தான் செய்கிறேன். தொண்டியிலிருந்து சாயல்குடி வரை என்னைப் போல் கடை வைத்திருப்பவர்களைக் கேட்டுப் பாருங்கள். கடற்கரை ஊர்களின் விவரமெல்லாம் எங்கள் கை வழியாகத்தான் உங்களிடம் வந்து சேர்கிறது.

அதனால் முதலில் என் குற்றத்தைச் சொல்லிவிடுகிறேன்.

போன ஆடி மாதம் என் போனில் இடமில்லாமல் போய்விட்டது. எதை அழிக்கலாம் என்று படங்களைத் திறந்தேன். என் பிள்ளைகளின் படத்தைத் தேடித்தான் பிடிக்க வேண்டியிருந்தது. மற்றதெல்லாம் ஊர்க்காரர்களின் ஆதார் அட்டை, முன்பக்கம் பின்பக்கம். வங்கிப் புத்தகத்தின் முதல் பக்கம். ரேஷன் கார்டு. ஓர் அக்காவின் ஸ்கேன் ரிப்போர்ட். கடலில் போன ஒரு தம்பியின் இறப்புச் சான்றிதழ். ஆயிரத்துக்கு மேல் இருக்கும். "வாட்ஸப்ல அனுப்பிருக்கேன், பிரின்ட் போட்டு வை மதினி" என்று அனுப்பியவைதான் எல்லாம். வைத்துக்கொள் என்று யாரும் சொல்லவில்லை, அழித்துவிடு என்றும் யாரும் சொல்லவில்லை. எனக்கும் தோன்றவில்லை.

காகிதத்தின் கதை இன்னும் மோசம். மங்கலாக விழுந்த நகல், கோணலாக விழுந்த நகல் எல்லாவற்றையும் மேசைக்கு அடியில் போட்டுக் கட்டாகக் கட்டி எடைக்குப் போடுவேன். ஒருநாள் சாயங்காலம் பையன் வாங்கி வந்த பருப்பு வடையைப் பிரித்தால், எண்ணெய் ஊறிய தாளில் என் சின்ன மாமனார் என்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறார். கீழே பன்னிரண்டு இலக்கமும் ஒன்றுகூட அழியாமல் இருந்தது. அவரிடம் இன்றுவரை சொல்லவில்லை. இந்த மடலைப் படித்துத்தான் தெரிந்துகொள்வார்.

உங்களுக்கு ஒன்று நினைவிருக்கிறதா? 2022 மே 27-ஆம் தேதி ஆதார் ஆணையத்தின் பெங்களூரு மண்டல அலுவலகத்திலிருந்து ஓர் அறிவிப்பு வந்தது. ஆதார் நகலைக் கண்ட இடத்தில் கொடுக்காதீர்கள், கடைசி நான்கு இலக்கம் மட்டும் தெரியும் மறைப்பு ஆதாரைக் கொடுங்கள், உரிமம் இல்லாத தங்கும் விடுதிகளும் தியேட்டர்களும் நகலை வாங்கி வைக்கக் கூடாது என்றெல்லாம் அதில் இருந்தது. பெரிய எழுத்தில் அச்சடித்துக் கடை வாசலில் ஒட்டினேன். ராமேஸ்வரம் லாட்ஜுகளில் தினமும் எத்தனை யாத்திரிகர்களின் நகல் சேரும் என்று பக்கத்துக் கடை அண்ணனோடு கணக்குப் போட்டுப் பேசிக்கொண்டிருந்தேன். 29-ஆம் தேதி அந்த அறிவிப்பைத் திரும்பப் பெற்றுவிட்டார்கள். தவறாகப் புரிந்துகொள்ளப்படலாமாம், வழக்கமான எச்சரிக்கையோடு நடந்துகொண்டால் போதுமாம். பசை நன்றாகக் காய்ந்திருந்ததால் அதைச் சுரண்டி எடுக்க அரைமணி நேரம் ஆனது. வழக்கமான எச்சரிக்கை என்றால் என்ன என்று யாராவது எனக்கு எழுதி அனுப்பினால் அதையும் ஒட்டுகிறேன்.

அடுத்து என் அம்மாவின் விரல்களைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அம்மா கடல்பாசி எடுத்தவர். மன்னார் வளைகுடாத் தீவுகளின் பக்கம் பாறையைப் பிடித்துக்கொண்டு, மூச்சடக்கி முங்கி, கையால் பிய்த்து எடுக்கிற வேலை அது. விரலில் துணியைச் சுற்றிக்கொள்வார்கள். நாளைக்கு நூறு தடவை பாறையில் உரசினால் துணி என்ன செய்யும். முப்பது வருடம் முங்கியதில் அம்மாவின் விரல் நுனிகள் தேய்ந்த சோப்புக்கட்டி மாதிரி ஆகிவிட்டன. ஆதாருக்குப் பத்து விரலையும் இரண்டு கண்ணையும் பதிந்தார்கள் அல்லவா, அன்றைக்கே பதிய வந்த பிள்ளை மூன்று தடவை துடைத்துத் துடைத்து வைக்கச் சொன்னது. பிறகு ரேஷன் கடையில் இயந்திரம் ஏற்கவில்லை. தலையில் எண்ணெய் தடவிய கையைத் தேய்த்து வைத்துப் பாருங்கள் என்றார் ஒருவர். தண்ணீரில் ஊறவைத்துப் பாருங்கள் என்றார் இன்னொருவர். அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "முப்பது வருசமா தண்ணியிலதான்யா ஊறுச்சு" என்றார். கண் கருவி வந்த பிறகு கொஞ்சம் பரவாயில்லை, அதற்குள் கண்ணில் புரை விழுந்துவிட்டது.

விரல் பதியாததுகூடப் பெரிய விஷயமில்லை. ரேஷன் கடைக்காரருக்கு அம்மாவைத் தெரியும், ஏதாவது வழி செய்வார். வீட்டுக்கு வந்து பென்ஷன் பணம் எடுத்துக் கொடுக்கும் ஆள் ஒருவர் இருந்தார், அவர் விஷயத்தைத்தான் சொல்ல வந்தேன். எந்த வங்கியின் ஆள் என்று இங்கே எழுதப் போவதில்லை. ஒரு மாதம் வந்தவர் சின்ன இயந்திரத்தில் அம்மாவின் விரலை நாலைந்து தடவை வைக்கச் சொன்னார். "சர்வர் இல்ல பாட்டி, அடுத்த வாரம் வாரேன்" என்று போய்விட்டார். பத்து நாள் கழித்துப் பாஸ்புக் பதிந்தபோது பென்ஷன் 1,200 ரூபாயும் அன்றைக்கே எடுக்கப்பட்டிருந்தது தெரிந்தது. தேதி இருக்கிறது, நேரம் இருக்கிறது, அம்மாவின் விரலும் ஒத்துப்போயிருக்கிறது. அரிசிக்குப் பதியாத விரல் அதற்கு எப்படிப் பதிந்தது என்று இன்னும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். அம்மாவிடம் ஒரு துண்டுக் காகிதம் இல்லை. போன இடத்திலெல்லாம், "உங்கம்மாதான கைவச்சிருக்காங்க" என்றார்கள். ஆமாம், என் அம்மாதான் வைத்தார். எதற்கு வைத்தார் என்று அந்த இயந்திரம் எங்கும் எழுதி வைக்கவில்லை.

கைரேகையைப் பூட்டி வைக்க ஆதார் தளத்தில் வசதி இருப்பது எனக்குத் தெரியும். நானே பலருக்குச் செய்து கொடுத்திருக்கிறேன். அதற்கு ஓடிபி வர வேண்டும். எங்கள் ஊரில் பாதிக் கிழவிகளின் ஆதாரில் இருக்கும் நம்பர் என்றைக்கோ சென்னைக்கு வேலைக்குப் போன பேரனுடையது. அவன் அதற்குப் பிறகு மூன்று சிம் மாற்றியிருப்பான்.

அட்டையே வேண்டாம் என்று சொல்கிறேன் என்று நினைத்துவிடாதீர்கள். அடையாளத்தின் அருமை இந்தக் கரைக்குத் தெரிந்த அளவு வேறு எங்கும் தெரியுமா என்பது சந்தேகம். 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடியும் பாம்பனிலிருந்து போன ரயிலும் போயின. அந்த ரயிலில் யார் யார் இருந்தார்கள் என்று கடைசிவரை முழுதாகச் சொல்ல முடியவில்லை. 2017 நவம்பர் கடைசியில் ஒக்கிப் புயல் வந்தபோது கன்னியாகுமரிப் பக்கமும் கேரளத்திலும் கரை ஒதுங்கிய உடல்களை மரபணுச் சோதனை வைத்துத்தான் அடையாளம் கண்டார்கள். சட்டைப் பையில் ஓர் அட்டை இருந்தால் ஒரு தாய்க்கு அத்தனை மாதக் காத்திருப்பு மிச்சம். 2008-இல் மும்பையைத் தாக்க வந்தவர்கள் குஜராத் மீன்பிடிப் படகு ஒன்றைப் பிடித்து, அதில் இருந்தவர்களைக் கொன்றுவிட்டுத்தான் வந்தார்கள். செத்தவர்கள் நம்மைப் போல் கடலுக்குப் போனவர்கள். அதற்குப் பிறகு 2009 கடைசியில் மீனவர்களுக்குக் கைரேகை அட்டை என்று திட்டம் வந்தது. கடலோரக் கிராமங்களுக்கென்று தனியாகக் குடியிருப்பாளர் அட்டை வந்தது, நாடு முழுக்க 3,331 கிராமங்களுக்கு. அதற்குப் பிறகு ஆதார். ஸ்மார்ட் ரேஷன் கார்டு. ஒவ்வொரு தடவையும் இது ஒன்று இருந்தால் போதும் என்றீர்கள். ஒவ்வொன்றுக்கும் என் கடையில் பழையதன் நகலைக் கேட்டீர்கள்.

மண்டபம் முகாமிலிருந்து சிலர் கடைக்கு வருவார்கள். இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம் என்று 2021-இல் பெயர் மாற்றினீர்கள், நல்ல காரியம். அவர்களில் இங்கேயே பிறந்து வளர்ந்த பெண் ஒருத்தி விண்ணப்பம் நிரப்பும்போது, எண் கேட்கும் கட்டங்களை எல்லாம் வேகமாக நிரப்பிவிடுவாள். முகாம் பதிவு, குடும்ப அட்டை, ஆதார் எல்லாம் அவளுக்கு மனப்பாடம். குடியுரிமை என்ற கட்டம் வந்ததும் பேனாவை வைத்துவிட்டு என்னைப் பார்ப்பாள். இத்தனை எண்ணால் ஒருத்தியைப் பதிந்து வைத்த பிறகும் அந்த ஒரு கட்டத்துக்கு விடை கிடைக்கவில்லை.

இப்போது படகுக்கு வருகிறேன். இதில் கொஞ்சம் நீளமாகவே பேச வேண்டும். நம் ஆட்கள் வெளியே சொல்லத் தயங்குகிற விஷயமும் இதில் இருக்கிறது.

பிரதமரின் மத்ஸ்ய சம்பதா என்ற மீன்வளத் திட்டத்தில் ஒரு லட்சம் மீன்பிடிப் படகுகளுக்கு டிரான்ஸ்பாண்டர் என்ற செய்திக் கருவி வைக்க 364 கோடி ரூபாய் ஒதுக்கினார்கள். இஸ்ரோவின் தொழில்நுட்பம். செல்போன் சிக்னல் எட்டாத இடத்திலிருந்தும் கரைக்குச் செய்தி அனுப்பலாம், ஆபத்தென்றால் ஒரு பொத்தானை அழுத்தலாம், புயல் எச்சரிக்கை வரும், எல்லை நெருங்கினால் சத்தம் போடும். ஒக்கிக்குப் பிறகு நாம்தான் இதைக் கேட்டோம். அதனால் கருவி கூடாது என்று சொல்ல எனக்கு வாய் வராது. தனுஷ்கோடி முனைக்கும் இலங்கையின் தலைமன்னாருக்கும் நடுவே முப்பது கிலோமீட்டர்கூட இல்லை. இருட்டில் எல்லை எங்கே என்று தண்ணீரில் கோடு போட்டா இருக்கிறது?

ஆனால் அந்தக் கருவி படகு எங்கே நிற்கிறது என்பதையும் சொல்லும். கடலுக்குப் போகிறவனின் ரகசியமே அதுதான். தாத்தா காலத்தில் கோயில் கோபுரத்தையும் தூரத்துப் பனையையும் ஒன்றுக்குப் பின் ஒன்றாக நிறுத்திப் பார்த்து, கடலுக்குள் மீன் கூடும் பார், அதாவது பாறைத்திட்டு, இருக்கும் இடத்தைக் குறித்து வைப்பார்கள். அதைத் தம்பிக்குக்கூடச் சொல்லமாட்டார்கள், மகனுக்குத்தான், அதுவும் மகன் பொறுப்பாக இருந்தால். இப்போது அது ஜிபிஎஸ் பாயின்ட். ஒரு படகிலிருந்து இறங்கி இன்னொரு படகுக்கு ஓட்டப் போகிறவர், இறங்கும்போது தன் பாயின்ட்டுகளை அழித்துவிட்டுத்தான் இறங்குவார். முதலாளியும் அதைத் தப்பாக எடுத்துக்கொள்வதில்லை. தனியுரிமை என்பது பட்டணத்துப் படித்தவர்களின் கவலை என்று ஓர் அதிகாரி என் கடையில் டீ குடித்துக்கொண்டே சொன்னார். அவர் எங்கள் கரையில் ஒருவரிடம்கூட "நேத்து எங்கண்ணே வலை விட்டீக" என்று கேட்டுப் பார்த்திருக்கமாட்டார்.

அந்தக் கருவி அனுப்பும் தடத்தை யார் யார் பார்க்கிறார்கள்? எத்தனை நாள் வைத்திருப்பார்கள்? மீன் கம்பெனிக்குப் போகுமா? காப்பீட்டுக்காரருக்குப் போகுமா? ஒரு கூட்டத்தில் எங்கள் தெருக்காரர் ஒருவர் எழுந்து இதைக் கேட்டார். "அதெல்லாம் பத்திரமா இருக்குங்க" என்று பதில் வந்தது. பத்திரமாக இருக்கிறதா என்று அவர் கேட்கவே இல்லை. யாரிடம் இருக்கிறது என்றுதான் கேட்டார்.

பொய் சொல்ல மனமில்லை. எல்லை தாண்டுவது தெரிந்துவிடும் என்பதாலும் சிலருக்கு இந்தக் கருவி பிடிக்கவில்லை. விசைப்படகு எந்த நாள் போகலாம், நாட்டுப்படகு எந்த நாள் போகலாம் என்ற முறையை மீறுவது தெரிந்துவிடும் என்றும் சிலருக்குப் பயம். நாட்டுப்படகுக்காரர் வீட்டுப் பெண் நான். இழுவை மடிக்காரர்கள், அதாவது இழுவை வலை போடும் விசைப்படகுக்காரர்கள், முறையை மீறினால் பிடிக்கத்தான் வேண்டும் என்பது என் எண்ணம், அவர்கள் கோபித்துக்கொண்டாலும் சரி. ஆனால் அபராதம் போட இந்தத் தடத்தைப் பயன்படுத்துவோம் என்றால் கருவியை மாட்டும் அன்றைக்கே எழுத்தில் சொல்லிவிடுங்கள். உயிர் காக்கும் பெட்டி என்று சொல்லி ஏற்றிவிட்டு, பிறகு ஒருநாள் அதையே சாட்சிக்கூண்டில் ஏற்றக் கூடாது.

கைது நடக்கும் நாட்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். இலங்கைக் கடற்படை பிடித்துப் போன ஒரு மணி நேரத்துக்குள் வாட்ஸப்பில் பட்டியல் சுற்றும். பெயர், தகப்பன் பெயர், வயது, தெரு, படகு எண். சில சமயம் ஆதார் நகலே சுற்றும். பட்டியல் வேண்டியதுதான், வீட்டுக்காரர்களுக்கு அதுதான் முதல் சேதி. ஆனால் அது எந்த அலுவலகத்திலிருந்து, யார் போனிலிருந்து ஊருக்கே போகிறது? எனக்குத் தெரிந்த ஒரு பெண்ணுக்குப் புருஷன் பிடிபட்ட மறுநாள் காலை போன் வந்தது. அவர் பெயர், மாமனார் பெயர், வயது எல்லாம் பிசகாமல் சொல்லி, வக்கீலுக்குக் கட்டினால் இந்த வாய்தாவிலேயே விட்டுவிடுவார்கள் என்று பேசியிருக்கிறார்கள். காதில் கிடந்ததை அடகு வைத்துப் பதினைந்தாயிரம் அனுப்பிவிட்டுத்தான் என்னிடம் வந்தாள். "மாமா பேரு வரைக்கும் சொன்னானே மதினி, பொய்யா இருக்கும்னு எப்படி நெனைப்பேன்?" என்றாள்.

வேலைக்குப் போகும் பெண்களையும் நீங்கள் விடவில்லை. 2023 ஜனவரியிலிருந்து நூறு நாள் வேலை இடத்தில் காலையும் மதியமும் நிற்கவைத்துப் படம் எடுத்து ஆப்பில் ஏற்ற வேண்டும் என்றார்கள். அந்தப் படங்களை இணையத்தில் யார் வேண்டுமானாலும் திறந்து பார்க்கலாம் என்பது அந்தப் பெண்களுக்குத் தெரியாது. நான் ஒருநாள் திறந்து காட்டியதும் ஒரு பெரியம்மா முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டார், படத்தில் இருக்கும் தன்னை மூடுகிற மாதிரி.

சட்டம் என்ன சொல்கிறது என்று நான் படித்த வரைக்கும் சொல்கிறேன். கே.எஸ். புட்டசாமி என்று கர்நாடக உயர் நீதிமன்றத்தின் ஓய்வு பெற்ற நீதிபதி, 2012-இல் ஆதாரை எதிர்த்து வழக்குப் போட்டார். அப்போது அவருக்கு எண்பதைத் தாண்டிய வயது. 2017 ஆகஸ்ட் 24-இல் ஒன்பது நீதிபதிகளும் ஒருமித்து, அந்தரங்கம் என்பது அடிப்படை உரிமை என்றார்கள். அதில் அரசு கைவைக்க வேண்டுமானால் சட்டம் இருக்க வேண்டும், நியாயமான தேவை இருக்க வேண்டும், தேவைக்கு மேல் போகக் கூடாது. அடுத்த வருடம் ஆதார் தீர்ப்பில், மானியத்துக்கும் நலத்திட்டத்துக்கும் கேட்கலாம், சிம் வாங்கவும் வங்கிக் கணக்குக்கும் கட்டாயப்படுத்தக் கூடாது என்று பிரித்துக் காட்டினார்கள்.

2023 ஆகஸ்டில் தனிநபர் மின்தரவுப் பாதுகாப்புச் சட்டம் வந்தது. விதிகளை 2025 நவம்பரில்தான் வெளியிட்டார்கள். பெரும்பகுதி நடைமுறைக்கு வர அதிலிருந்து ஒன்றரை வருட அவகாசம். விவரம் கேட்பவர் எதற்குக் கேட்கிறோம் என்று அறிவிப்புத் தர வேண்டும், அதை ஆங்கிலத்திலோ, அரசியல் சாசனத்தின் எட்டாம் அட்டவணையில் உள்ள 22 மொழிகளில் ஒன்றிலோ படிக்க வழி இருக்க வேண்டும் என்கிறது சட்டம். அதாவது தமிழில் கேட்டு வாங்கலாம். மகிழ்ந்து போய் அடுத்த பக்கத்தைப் புரட்டினேன். மானியம், நலத்திட்டம், சான்றிதழ், உரிமம் கொடுக்க அரசு விவரம் எடுத்தால் சம்மதம் கேட்க வேண்டியதில்லை என்று ஏழாம் பிரிவில் இருக்கிறது. நாட்டின் பாதுகாப்பு என்று சொல்லி எந்த அரசு அமைப்புக்கும் முழு விலக்குக் கொடுக்கலாம் என்று பதினேழாம் பிரிவில் இருக்கிறது. எல்லைக் கடலில் வாழ்கிறவர்களுக்கு எதுதான் பாதுகாப்புக்குள் வராது? பொய்யான புகார் கொடுத்தால் நமக்குப் பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம் உண்டு, அதையும் மறக்காமல் எழுதியிருக்கிறார்கள். இதே சட்டம் தகவல் அறியும் உரிமைச் சட்டத்திலும் கைவைத்து, தனிநபர் விவரம் என்று சொல்லி மறுப்பதை முன்னைவிடச் சுலபமாக்கிவிட்டது. எங்கள் விவரம் வடைக்கடை வரை போகிறது, உங்கள் விவரத்தைக் கேட்டால் தனிநபர் விவரம் என்று பதில் வரும்.

சட்டத்தைத் திருத்தச் சொல்லும் இடத்தில் நான் இல்லை, நீங்களும் இல்லை. ஆனால் சம்மதம் கேட்க வேண்டாம் என்று சொன்ன சட்டம், சீட்டுக் கொடுக்கக் கூடாது என்று எங்கும் சொல்லவில்லை. நான் கேட்பது அந்தச் சீட்டு ஒன்றைத்தான்.

ஏலத்தில் ஒரு கூடை சூடை மீன் போனாலும் துண்டுச்சீட்டு உண்டு. எடை, விலை, எடுத்தவர் பெயர், தேதி. அது தொலைந்தால் வீட்டில் சண்டையே வரும். அடகுக் கடையில் கால் பவுன் வைத்தாலும் சீட்டு உண்டு. எங்கள் பத்து விரலையும் இரண்டு கண்ணையும் முகத்தையும் படகு போன தடத்தையும் வாங்கிக்கொள்கிறீர்கள், கைக்கு ஒன்றும் வருவதில்லை. கால் தாள் போதும். யார் வாங்கினார்கள், என்ன என்ன வாங்கினார்கள், எந்த வேலைக்கு, வேறு யாருக்குக் கொடுப்பார்கள், எப்போது அழிப்பார்கள், தப்பு நடந்தால் எந்த எண்ணைக் கூப்பிட வேண்டும். தமிழில், பெரிய எழுத்தில், அலுவலக முத்திரையோடு. வீட்டுக்கு விரல் வாங்க வருகிறவரும் கொடுக்க வேண்டும், விரல் பதியவில்லை என்றாலும் கொடுக்க வேண்டும். பதியாததற்குச் சீட்டு இருந்திருந்தால் என் அம்மா அந்த 1,200 ரூபாய்க்கு வழக்காடியிருப்பார், விட்டுவிடுகிற ஆள் இல்லை அவர்.

வேலை கூடும் என்பீர்கள். கூடும்தான். ஒருவருக்கு ஒரு சீட்டு எழுத வேண்டியிருந்தால், தேவையில்லாத நகலைக் கேட்பதும் குறையும் என்று எனக்கு ஒரு நம்பிக்கை.

மறைக்க ஒன்றும் இல்லாதவர்களுக்கு இதெல்லாம் எதற்கு என்று கேட்பவர்களும் உங்களில் உண்டு. பாசி எடுத்துக் கரையேறும் பெண்கள் ஈரத்துணி மாற்றும்போது நாலு பேர் சுற்றி நின்று சேலையை விரித்துப் பிடிப்பார்கள். அந்த மறைப்புக்குள் என்ன குற்றம் நடக்கிறது?

சங்கத்துக்காரர்களே, உங்களுக்கும் ஒரு வார்த்தை. நிவாரணப் பட்டியலை நோட்டீஸ் போர்டில் ஒட்டுகிறீர்கள், யாருக்கு வந்தது யாருக்கு வரவில்லை என்று ஊருக்குத் தெரிய வேண்டும், சரிதான். அதில் முழு ஆதார் எண்ணும் வங்கிக் கணக்கு எண்ணும் எதற்கு? பெயரும் கடைசி நான்கு இலக்கமும் போதும். பட்டியலைப் படமெடுத்து முந்நூறு பேர் இருக்கும் குழுவில் போடுகிறீர்களே, அதில் எத்தனை பேர் நம் ஊர்க்காரர்கள் என்று எப்போதாவது எண்ணிப் பார்த்தீர்களா? கைதானவர்கள் பட்டியலையும் வீட்டுக்காரர்களுக்கும் அலுவலகத்துக்கும் மட்டும் அனுப்புங்கள். பத்திரிகைக்குப் பெயரும் ஊரும் கொடுத்தால் செய்தி நிறைந்துவிடும்.

என் பங்குக்கு நான் செய்ததையும் சொல்கிறேன். போனில் இருந்ததை எல்லாம் ஒரு ராத்திரி உட்கார்ந்து அழித்தேன். கெட்டுப்போன நகல்களை இப்போது எடைக்குப் போடுவதில்லை, நாலாகக் கிழித்து அடுப்பில் போடுகிறேன். "வேலை முடிந்ததும் உங்கள் படங்கள் உங்கள் கண் முன்னாலேயே அழிக்கப்படும்" என்று பலகை வைத்தேன். முதல் வாரமே சண்டை. "என்னத்தா, அழிச்சுப்புட்டியா? அடுத்த தடவ கேட்டா நா எங்க போவேன்? உன்கிட்டயே கெடக்கட்டும்னுதான விட்டு வச்சேன், எங்க வீட்டுக் கூரை ஒழுகுதுல்ல" என்று ஓர் ஆத்தா என் மேல் பாய்ந்தார். என்னிடம் பதில் இல்லை. ஒரே நகலை ஐந்து அலுவலகமும் வருடா வருடம் கேட்டால், அவர் அதை ஜெராக்ஸ் கடையில் விட்டு வைக்காமல் என்ன செய்வார்? அவருக்கு மட்டும் ஒரு பிளாஸ்டிக் உறை வாங்கி, எல்லாவற்றையும் போட்டு, வாயை ஒட்டிக் கொடுத்தேன். ஐந்து ரூபாய் வாங்கவில்லை. இன்னும் கோபமாகத்தான் இருக்கிறார்.

சீட்டின் மாதிரி ஒன்றைக் கணினியில் அடித்து வைத்திருக்கிறேன். ஒரு தாளில் நான்கு வரும். எந்த அலுவலகம் முதலில் ஆள் அனுப்பினாலும் முதல் ஐநூறு சீட்டு என் செலவில் அச்சடித்துத் தருகிறேன். வருகிறவர் தன் பெயரையும் பதவியையும் என் நோட்டில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும், அதற்கு நான் சீட்டுக் கொடுப்பேன். கடை காலை ஒன்பது மணிக்குத் திறக்கும், ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து பத்தரை ஆகும்.

இப்படிக்கு,
பாம்பன் பக்கத்து ஜெராக்ஸ் கடைக்காரி